தாலி இல்லாத கலியாண வீடியோ

எங்கள் சித்தியின் கலியாணத்தைப் படம்பிடித்தவர் ஒரு மெக்சிகோக்காரர். லண்டனில் பார்க்கிங் என்ற பகுதியில் நாங்கள் இருந்த வீட்டின் மேல் அறையில் வாடகைக்கு இருந்தார். வேலை ஒரு பார்சல் கிடங்கில். தன் நாட்டில் இரண்டு சினிமாவுக்கும் பதினொரு வருடம் தொலைக்காட்சி நாடகங்களுக்கும் ஒளிப்பதிவு செய்ததாக அவரே சொன்னதால் வீட்டில் யாரும் நம்பவில்லை. எனக்கு மட்டும் ஒருநாள் படமொன்றின் முடிவைப் போட்டுக் காட்டினார். பெயர்கள் ஓடின ஓட்டத்தில் அவருடையதைப் பிடிக்க மூன்று தரம் நிறுத்த வேண்டியிருந்தது. அந்தச் சினிமாக்கள் ஒரு வாரம்கூட ஓடவில்லையாம். பேசுகிறவரை எல்லாரும் பார்ப்பார்கள், கேட்டுக்கொண்டு நிற்பவரைத்தான் எடுக்கவேண்டும் என்பது நாடகங்களில் அவர் படித்த பாடம்.

மாமா அவரை வீடியோவுக்கு ஒழுங்குசெய்ததற்குக் காரணம் கலை அல்ல. வழக்கமான வீடியோக்காரருக்கு அன்றைக்கு வேறு கலியாணம். இது நன்றாக வந்தால் லண்டன் தமிழருக்கு வருடம் முழுக்க விசேஷம்தான், கிடங்கை விட்டுவிடலாம் என்று ஆசை காட்டினார். மனிதர் புதுச் சட்டை வாங்கிவிட்டார்.

எனக்குப் பத்து வயது. சடங்குகளை ஆங்கிலத்தில் விளக்கும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. மண்டபத்தில் அவர் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: இங்கே முக்கியமான ஆள் யார்? பெரியம்மா என்றேன். தாயில்லாத சித்தியை வளர்த்து, இரண்டு ஷிப்ட் வேலை செய்து படிப்பித்தவர் அவர்தானே. பெரியம்மா கணவரை இழந்தவர் என்பதையும், அப்படிப்பட்டவர்கள் தாலி கட்டும் நேரத்தில் முன்னுக்கு வருவதில்லை என்பதையும் நான் சொல்லவில்லை.

கெட்டிமேளம் முழங்கியபோது சனம் முழுக்க மணவறையைப் பார்த்தது. மெக்சிகோக்காரர் கமராவைத் திருப்பிக்கொண்டு, சாப்பாட்டறைக் கதவோடு ஒதுங்கி நின்ற பெரியம்மாவிடம் போனார்.

அடுத்த ஞாயிறு எல்லாரும் கூடியிருந்து பார்த்தோம். மேளம் கேட்டது, மந்திரம் கேட்டது. படத்தில் நான்கு நிமிடம் பெரியம்மாவின் முகம் மட்டும். அபசகுனம் என்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. மாமாதான் வெடித்தார்.

“தாலி கட்டேக்கை அக்காவையே எடுக்கிறது? மாப்பிள்ளை வீட்டாருக்கு இதை எப்பிடிக் காட்டுறது?”

“அதை வெட்டிவிடு தம்பி, ஆக்கள் பாக்க முந்தி” என்றார் பெரியம்மா.

மெக்சிகோக்காரர் மன்னிப்புக் கேட்டார். என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. நானும் வாய் திறக்கவில்லை. இன்றைக்கும் அது எனக்கு வெட்கம்தான். பிறகு எந்தத் தமிழ்க் கலியாணத்துக்கும் அவரை யாரும் கூப்பிடவில்லை. திங்கட்கிழமை வழக்கம்போலக் கிடங்குக்குப் போனார்.

அன்று நான் பள்ளிக்கூடத்தால் வந்தபோது வீட்டில் பெரியம்மா மட்டும். வேலைக்குப் போக வெளிக்கிட்டு நின்றவர், அந்தப் படத்தை ஒருக்கால் போடச் சொன்னார். போட்டேன். அவருடைய முகம் வந்தது. கதிரையில் இருக்காமல், தொலைக்காட்சிக்குக் கிட்டப் போய் நின்று பார்த்தார். பாவம், தங்கச்சியைப் பார்க்க ஆசைப்படுகிறார், இந்த இடம் குறுக்கே நிற்கிறது என்று நினைத்து, நான் ரிமோட்டை எடுத்துச் சித்தி மாலையோடு வரும் இடத்துக்கு ஓட்டிக் கொடுத்தேன்.

“நல்ல பிள்ளை” என்று என் தலையைத் தடவிவிட்டு வேலைக்குப் போனார்.

எனக்குப் பெருமையாக இருந்தது. அன்று மாலையே மாமா அந்த நான்கு நிமிடத்தையும் வெட்டிவிட்டார். பெரியம்மா யாரைப் பார்க்கப் படத்தைப் போடச் சொன்னார் என்று யோசிக்க எனக்கு அப்போது தெரியவில்லை.