இரண்டரை மணி நேரம் கூட்டிய கிரகணம்

கிரகண நேரத்தைக் கணக்கிட்டு ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டுவது எங்கள் வீட்டில் இன்ஜினியரான என் வேலை. சென்னையிலிருந்து பெரியம்மா பஞ்சாங்கப் பக்கத்தைப் படமெடுத்து அனுப்புவார். நான் இரண்டரை மணி நேரம் கூட்டிச் சிங்கப்பூர் நேரமாக்குவேன். முந்தைய சந்திர கிரகணத்துக்கு அது சரியாகவே வந்தது.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள் சூரிய கிரகணம். மார்சிலிங் பேட்டையில் உள்ள எங்கள் வீட்டில் அம்மா, நான், ஏழு மாதக் கர்ப்பிணியான அண்ணி. அண்ணிக்குக் கர்ப்பகாலச் சர்க்கரை, இன்சுலின் போடுகிறார். மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை சாப்பிடச் சொல்லியிருந்தார் டாக்டர். கிரகணம் விடும்வரை கர்ப்பிணி சாப்பிடக் கூடாது என்பது அம்மாவின் கட்டாயம். அண்ணி கத்தோலிக்கர், அவர் வீட்டில் இந்த வழக்கமே இல்லை.

என் பட்டியலில் பத்தரைக்குப் பிடித்து ஒன்று ஐம்பதுக்கு விடும் என்றிருந்தது. அதைப் பார்த்துவிட்டு அண்ணி சொன்னார்: "மூணு மணி நேரத்துக்கு மேல அரைமணிதானே கூட, பரவால்ல லா. அத்தை நிம்மதியா இருக்கட்டும்." பத்தேகாலுக்குச் சாப்பிட்டுவிட்டு, திரை போட்ட அறையில் போய்ப் படுத்துக்கொண்டார்.

ஒன்று ஐம்பதுக்கு வடிதட்டை எடுத்துக்கொண்டு காரிடாருக்குப் போனேன். கிரகணம் விட்டிருந்தால் ஓட்டைகள் வழியாக வட்ட வட்டமாக வெளிச்சம் விழ வேண்டும். ஆனால் தரை முழுக்கப் பிறைகள். கைபேசியில் உள்ளூர் நேரத்தைத் தேடினேன். பதினொன்றரைக்குத்தான் பிடித்திருந்தது, மூன்றேகாலுக்குப் பிறகுதான் விடும்.

சந்திர கிரகணத்தில் பூமியின் நிழல் நிலவின் மேல் விழுகிறது. நிலவு தெரியும் ஊரிலெல்லாம் அது ஒரே கணத்தில் நடக்கிறது; கடிகாரம்தான் வேறு. சூரிய கிரகணத்தில் நிலவின் நிழல் பூமியின் மேல் நகர்ந்து வருகிறது. சென்னையைக் கடந்துதான் எங்களிடம் வரும். பள்ளியிலேயே படித்தது. இருந்தும் பழைய சூத்திரத்தை அப்படியே போட்டிருந்தேன்.

உள்ளே வந்தபோது அண்ணிக்கு வியர்த்திருந்தது, விரல்கள் நடுங்கின. சர்க்கரையைச் சோதித்தேன்: இங்குள்ள அளவில் மூன்று புள்ளி ஆறு. நான்குக்குக் கீழே இறங்கக் கூடாது.

"அம்மா, நான் போட்ட கணக்கு தப்பு. இன்னும் ஒன்றரை மணி நேரம் இருக்கு. அண்ணி இப்பவே சாப்பிடணும்."

அம்மா ஜன்னல் திரையைப் பார்த்தார். பிறகு அண்ணியின் கையைப் பிடித்துப் பார்த்தார். அடுக்களைக்குப் போய், கிறிஸ்துமஸுக்கு வாங்கி மீந்திருந்த ஆரஞ்சு ஜூஸை ஊற்றி எடுத்து வந்தார்.

"குடிம்மா. சாதத்துல தர்ப்பை போட்டு வச்சிருக்கேன், தோஷம் கிடையாது. இதோ போட்டுக் கொண்டாறேன்."

"அத்தை, உங்களுக்குப் பயமா இல்லையா?"

"பயமாத்தான் இருக்கு. நீ முதல்ல குடி." என் பக்கம் திரும்பினார். "இன்ஜினியர் அம்மா, நீங்க மூணேகால் வரைக்கும் என்கூடப் பட்டினி."

பதினைந்து நிமிடம் கழித்துச் சர்க்கரை ஐந்துக்கு மேல் ஏறியது. அதன் பிறகுதான் அண்ணி சாதம் சாப்பிட்டார். அம்மா எதிரில் உட்கார்ந்து ஒவ்வொரு வாயையும் பார்த்துக்கொண்டிருந்தார்.

மூன்றரைக்கு அம்மா குளித்துவிட்டு வந்து தட்டு வைத்தார். எனக்கு முன்பாக அண்ணிக்கு இன்னொரு கரண்டி சாதம் வைத்தார்.