முன்பதிவுக்கு இருந்த மரியாதை

எனக்கு நாற்பது தாண்டிவிட்டது. இந்த வயதில் வீடியோ கேம் முன்பதிவைப் பற்றி ஒருவன் வயிறெரிந்து எழுதுகிறான் என்று சிரிக்கிறவர்கள் சிரித்துக்கொள்ளட்டும். புதுச்சேரி மேட்டுப்பாளையம் தொழிற்பேட்டையில் பாட்டில் மூடி செய்யும் கம்பெனியில், நல்ல மூடி எது கெட்ட மூடி எது என்று பார்த்துப் பிரிப்பது என் வேலை. மயிரிழை கீறல் இருந்தாலும் தூக்கிப் போட்டுவிடுவேன். அப்படிப்பட்ட கண்ணை வைத்துக்கொண்டு இந்தக் கடைக்காரர்களிடம் வருஷா வருஷம் ஏமாந்திருக்கிறேன். அந்த எரிச்சல்தான் எனக்கு.

எங்கள் ஊர்க்காரர்களுக்கு ஒரு திமிர் உண்டு. எந்தச் சாமானும் பக்கத்து ஊரைவிடப் புதுச்சேரியில் நாலு காசு கம்மியாகத்தான் இருக்கும் என்று நம்பி வளர்ந்தவர்கள் நாங்கள். கடலூரிலிருந்தும் விழுப்புரத்திலிருந்தும் பஸ் பிடித்து வந்து டிவியும் ஃபிரிட்ஜும் வாங்கிப் போவார்கள். அவர்களைப் பார்த்து எங்களுக்கு ஒரு கெத்து. முழு விலை கொடுத்து வாங்கினேன் என்று தெருவில் சொன்னால் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். வரி எல்லா ஊருக்கும் ஒன்றாகி வெகு நாளாயிற்று, திமிர் மட்டும் எங்களைவிட்டுப் போகவில்லை.

அந்தத் திமிருக்கு ஏற்ற கடை ஒன்று பெரிய மார்க்கெட்டுக்குப் பின்னால் இருந்தது. பாட்டு சி.டி. விற்கத் தொடங்கி, பிறகு கேம் டிஸ்க் விற்ற கடை. நடத்தியது ஒரு அக்கா. ஞாயிற்றுக்கிழமை மாதா கோவில் பூசை முடிந்துதான் கடை திறப்பார். காசை வாங்கிக்கொண்டு, நன்றி என்பதைப் பிரெஞ்சில் "மெர்சி" என்பார். வரப்போகிற கேமுக்கு முன்கூட்டியே பணம் கட்டினால் விலையில் பத்தில் ஒரு பங்கைக் குறைத்துவிடுவார். பேரமே கிடையாது, நாம் வாயைத் திறக்கும் முன்பே குறைத்துத்தான் சொல்வார்.

ஒருமுறை கேட்டேன், "ஏங்கா, புக்கிங்குக்கு மட்டும் எதுக்கு இந்தத் தள்ளுபடி?"

"சாமான் இன்னும் கண்ணுலயே படல, அதுக்குள்ள காச கொண்டாந்து குடுத்துட்டுப் போற. என்னை நம்பித்தான குடுக்கற? அதுக்கு ஒரு மரியாதை வேணாமா தம்பி?" என்றார்.

எனக்கு அந்தக் கணக்கு ரொம்பப் பிடித்திருந்தது. இன்றைக்கும் அதுதான் சரியான கணக்கு என்பேன்.

அந்தக் கடைக்கு நான் தனியாகப் போனதே இல்லை. என்னோடு பாலிடெக்னிக் படித்த நண்பன் கூட வருவான். கடலோரக் கிராமமான கனகசெட்டிக்குளத்துக்காரன். படிப்பை முடித்த கையோடு அவன் அப்பாவின் விசைப்படகில் ஏறியவன் இறங்கவே இல்லை. ஒரு கேமுக்கு முழுப் பணம் போட எங்கள் இருவருக்கும் வக்கில்லை என்பதால் ஆளுக்குப் பாதி போட்டு ஒரே டிஸ்க் வாங்குவோம். முதலில் அது உப்பளம் பகுதியில் என் வீட்டில் இருக்கும். பிறகு அவன் பைக்கில் கனகசெட்டிக்குளம் போகும். கடைசிக் கட்டத்தை மட்டும் யாரும் தனியாகத் தொடக் கூடாது. அது எங்களுக்குள் இருந்த சட்டம். அதற்கு டிஸ்க்கும் அவனும் சேர்ந்து உப்பளத்துக்கு வர வேண்டும், என் டிவி முன்னால் உட்கார்ந்து இருவருமாகத்தான் கதையின் முடிவைப் பார்க்க வேண்டும்.

விசைப்படகுக்காரனுக்கு வருஷத்தில் நீண்ட ஓய்வு என்றால் மீன்பிடித் தடைக்காலம் ஒன்றுதான். சித்திரையும் வைகாசியும் படகு கரையில் நிற்கும். அதனால் கேம் எந்த மாதம் வெளியானாலும் முடிவைத் தடைக்காலத்துக்கு என்று எடுத்து வைத்துவிடுவோம். எனக்குக் கல்யாணம் ஆன வருஷம்கூட இந்தச் சட்டம் மீறப்படவில்லை. என் மனைவி அதை இன்னும் சொல்லிக் காட்டுகிறாள்.

பிறகு ஆன்லைன் கடைகள் வந்தன. வந்த புதிதில் வாரி இறைத்தார்கள். வருஷச் சந்தா கட்டியவர்களுக்கு எந்தப் புது கேமை முன்பதிவு செய்தாலும் ஐந்தில் ஒரு பங்கு குறைவு. அக்காவால் அந்த விலைக்குத் தர முடியவில்லை. "கம்பெனிக்காரன் எனக்கே அந்த வெலைக்குக் குடுக்கறதில்ல தம்பி, நீங்க அங்கயே வாங்கிக்குங்க" என்று அவரே சொல்லிவிட்டார். இப்போது அதே கடையில் மொபைல் உறையும் சார்ஜரும் விற்கிறார்.

அக்காவைப் போன்றவர்கள் ஒதுங்கியதும் ஆன்லைன்காரர்களின் கை மெல்ல மூடத் தொடங்கியது. முதலில் எல்லா கேமுக்கும் இல்லை, சிலவற்றுக்கு மட்டும்தான் என்றார்கள். அடுத்து, குறிப்பிட்ட வங்கியின் அட்டை இருந்தால்தான் என்றார்கள். மச்சினன் அட்டையைக் கடன் வாங்கி அதையும் செய்தேன். அதற்குப் பிறகு விலையில் குறைப்பதையே விட்டுவிட்டு, கூப்பன் தருகிறோம், அடுத்த முறை வாங்கும்போது கழித்துக்கொள் என்றார்கள். அடுத்த முறை போனால் அந்தக் கூப்பன் செருப்புக்கும் சட்டைக்கும் செல்லுமாம், கேமுக்குச் செல்லாதாம். பெட்டியைத் திறந்தால் டிஸ்க்கும் இல்லை, எண்கள் அச்சடித்த ஒரு துண்டுச்சீட்டு. அதை ஒரே ஒருவர் கணக்கில்தான் ஏற்றிக்கொள்ளலாம். உப்பளத்திலிருந்து கனகசெட்டிக்குளத்துக்கு அந்தச் சீட்டைக் கொண்டுபோய் என்ன செய்வது? வாடிக்கையாளர் சேவைக்குப் போன் போட்டு ஒரு பெண்ணிடம் கத்தினேன். அவள் பொறுமையாக, "வேறு ஏதாவது உதவி வேண்டுமா சார்?" என்று கேட்டாள். முதலில் என்ன உதவி செய்தாய் என்று இரண்டாவதைப் பற்றிக் கேட்கிறாய்?

இதையெல்லாம்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பேன். இந்த வருஷம் நடந்ததைத்தான் பொறுக்க முடியவில்லை.

இரண்டு கூலிப்படை வீரர்கள் ஒரு பாலைவனத்தைத் தாண்டி ஊர் திரும்பும் கதை ஒன்று. பாலிடெக்னிக் முடித்த புதிதில் முதல் பாகத்தை அக்காவின் கடையில் வாங்கி விளையாடினோம். இரண்டாவது பாகம் என் கல்யாணத்து வருஷம் வந்தது. மூன்றாவதுதான் கடைசி என்று சொல்லிவிட்டு, பல வருஷம் இழுத்தடித்தார்கள். ஒருவழியாக இந்த வருஷம் வருகிறது என்ற செய்தி வந்த அதே வாரம் நண்பனும் ஒரு செய்தியோடு வந்தான். வளைகுடாவில் ஒரு மீன்பிடிப் படகில் வேலை கிடைத்திருக்கிறது. இந்தத் தடைக்காலம் முடிந்து ஒன்றிரண்டு மாதத்தில் கிளம்ப வேண்டும்.

"இங்க டீசலுக்கே சரியாப் பூடுதுடா. அங்க வருஷம் பூரா வேலை, மாசமானா சம்பளம்" என்றான். அப்புறம், "போறதுக்குள்ள அந்த கேம முடிச்சுடணும்டா" என்றான். அதை அவன் சாதாரணமாகச் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும்.

வெளியாகும் தேதியைப் பார்த்தேன். தடைக்காலம் முடிந்த மறுநாள். படகு கடலுக்குள் போன பிறகு கேம் வருகிறது! அதற்குக் கீழே சின்ன எழுத்தில் இன்னொன்று இருந்தது. சிறப்புப் பதிப்பை முன்பதிவு செய்தால் மூன்று நாள் முன்னதாகவே விளையாடலாம். விலை சாதாரணப் பதிப்பைப் போல ஒன்றரை மடங்கு.

படித்ததும் எனக்கு ரத்தம் கொதித்தது. பார்க்காமல் பணம் கொடுக்கிறவனுக்கு அக்கா விலையைக் குறைத்தார். இவர்கள் பார்க்காமல் பணம் கொடுக்கிறவனிடம் கூடுதலாகப் பிடுங்குகிறார்கள். கேமைத் தயாராக வைத்துக்கொண்டு, அதை மூன்று நாள் பூட்டி வைத்து, பூட்டைத் திறக்கக் காசு கேட்கிறார்கள். இதற்குப் பெயர் சலுகையாம். என் மனைவி, "அப்ப வாங்காதீங்க, விட்டுடுங்க" என்றாள். நியாயமான பேச்சுதான். ஆனால் அந்த மூன்று நாளில்தான் அவன் கரையில் இருப்பான். பல்லைக் கடித்துக்கொண்டு பணத்தைக் கட்டினேன். ஆச்சரியப்படுத்தலாம் என்று அவனிடம் சொல்லவில்லை. கம்பெனியில் மூன்று நாள் லீவும் எழுதிக் கொடுத்தேன்.

கேம் திறக்கும் நாள் நெருங்கியதும் அவனுக்குப் போன் செய்தேன். தேங்காய்த்திட்டு துறைமுகத்தில் இருந்தான். பின்னால் சுத்தியல் சத்தமும் யாரோ கூச்சலிடும் சத்தமும் கேட்டன.

"வெள்ளி, சனி, ஞாயிறு நம்ம வீட்டுக்கு வந்துடுடா" என்றேன்.

"இன்னாடா வெளையாடறியா? தடை முடியப் போற நேரத்துல எனக்குத் தூங்கவே நேரம் கெடையாது. எஞ்சின் இன்னும் ஓட்டிப் பாக்கல. வலை ஏத்தணும், ஐஸ் ஏத்தணும், டீசலுக்கு வரிசையில நிக்கணும். ரெண்டு மாசம் சும்மா கெடந்தவன் மொத நாளே போகலைன்னா மீனு இன்னொருத்தன் கைக்குப் பூடும். ஏன், இன்னா விசேஷம்?"

"ஒன்னுமில்ல, சும்மாதான்" என்று வைத்துவிட்டேன்.

இத்தனை வருஷம் பழகி, தடைக்காலத்தின் கடைசி நாட்கள்தான் அவர்களுக்கு ஓட்டமான ஓட்டம் என்பது எனக்குத் தெரியவில்லை. இங்கே உப்பளத்தில் உட்கார்ந்துகொண்டு, தடை என்றால் கடைசி நாள் வரைக்கும் லீவு என்று நினைத்திருக்கிறேன். அவன் சும்மா இருந்த சித்திரை மாதம் முழுக்கக் கேம் இல்லை. கேமைக் காசு கொடுத்துத் திறந்தபோது அவன் இல்லை. அந்த மூன்று நாளும் லீவில் வீட்டிலிருந்து, டிவித் திரையில் அந்தக் கேமின் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். தொடங்கவில்லை. "தண்டத்துக்குக் காசு குடுத்துட்டு இப்படி மூஞ்சிய தூக்கி வெச்சிக்கிட்டா எப்படிங்க?" என்றாள் மனைவி. அவள் மேலும் எரிந்து விழுந்தேன். பாவம், அவள் என்ன செய்வாள்.

ஆடி பிறந்து சில நாள் கழித்து ஒரு மாலை அவன் வந்தான். கையில் ஒரு பை நிறைய வஞ்சிரம். முகமெல்லாம் சிரிப்பு. விசா வந்துவிட்டது, வர ஞாயிற்றுக்கிழமை பயணம். அதைச் சொல்லி முடிப்பதற்குள் போனை என் முகத்துக்கு நேரே நீட்டினான்.

"பாத்தியாடா? நம்ம கேமு பாதி வெல! நல்லவேளை, நீ புக் பண்ணித் தொலைக்கல. ரெண்டா வாங்கிடலாம், உனக்கொன்னு எனக்கொன்னு. நான் அங்க எடுத்துட்டுப் போறேன். போன்ல பேசிக்கினே சேந்து முடிச்சுடலாம். ரெண்டுத்துக்கும் நான்தான் குடுப்பேன், வாயத் தொறக்காத."

நான் ஏதோ சொல்ல வருவதற்குள் சொந்த வீடு மாதிரி உரிமையோடு டிவியைப் போட்டான். திரையில் அந்தக் கேமின் படம் முதல் வரிசையிலேயே இருந்தது. சிறப்புப் பதிப்பு என்று தங்க நிறத்தில் எழுதியிருந்தது. கீழே, இன்னும் விளையாடவில்லை என்று இருந்தது.

ரிமோட்டைக் கீழே வைத்தான். வெள்ளி, சனி, ஞாயிறு என்று நான் கூப்பிட்டது அவனுக்கு அப்போது விளங்கியிருக்க வேண்டும்.

"தொடவே இல்லியா?" என்றான்.

"இல்ல."

"கூமுட்டை. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல?" என்று திட்டிவிட்டு, என் பக்கம் திரும்பாமல் கண்ணைத் துடைத்துக்கொண்டான். மனைவி மீனை வாங்கிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அன்று இருவருமாகத் தொடங்கினோம். பாலைவனத்தின் விளிம்பில் ஒரு கிணறு வரும், அதுவரைக்கும்தான் போக முடிந்தது. பெட்டி கட்ட ஆள் வேண்டும் என்று அவன் வீட்டிலிருந்து போன் வந்துகொண்டே இருந்தது. மீன் குழம்பைக்கூட அவசர அவசரமாகத்தான் சாப்பிட்டான். பைக்கை உதைத்தவன், "நீ தனியா முடிச்சுடாதடா" என்றான். ஞாயிற்றுக்கிழமை கிளம்பிப் போய்விட்டான். நான் அந்தக் கிணற்றடியிலேயே நிற்கிறேன்.

போன வாரம் ஆன்லைன் கடையிலிருந்து செய்தி வந்தது. அதே கேமுக்குக் கூடுதலாக ஒரு அத்தியாயம் அடுத்த சித்திரையில் வருகிறதாம், முன்பதிவு தொடங்கிவிட்டதாம். தள்ளுபடி ஒரு பைசா கிடையாது, கூப்பன்கூடக் கிடையாது. முடிந்துபோன கதைக்கு எதற்கடா இன்னொரு அத்தியாயம் என்று திட்டிக்கொண்டே அதை அவனுக்கு அனுப்பினேன், அவனும் திட்டட்டும் என்று.

மறுநாள் குரல் செய்தி வந்தது. எஞ்சின் சத்தத்துக்கு நடுவே, "புக் பண்ணிடுடா. தடைக்காலத்துல வந்துடறேன்" என்றான்.

அங்கே வருஷம் முழுக்க வேலை என்று சொன்னவன் அவன்தான். முழு விலை கொடுத்துப் புக் பண்ணிவிட்டேன்.