பேரைப் பிரிக்கும் தெரசம்மாள்

‘யாழினி’ என்ற பெயரை இரண்டு முறை வாய்க்குள் உருட்டிப் பார்த்துவிட்டு, மூன்றாவது முறை சத்தமாகச் சொன்னார் தெரசம்மாள். “யாழ்னா வீணை மாதிரி. வீணைன்னா பாட்டு. பாட்டுக்கு யாரு? சிசிலியம்மா! எழுதிக்கங்க, புனித சிசிலியா.” எதிரே பிள்ளையை ஏந்தி நின்ற இளம் தம்பதி, பெயர் வைத்தபோது இதையெல்லாம் யோசிக்கவே இல்லை என்பதை மறைத்துக்கொண்டு தலையாட்டினார்கள்.

சேலம் அம்மாபேட்டையை ஒட்டிய கத்தோலிக்கப் பங்குக் கோயில் ஒன்றின் அலுவலகத்தில் இருபத்திரண்டு வருடமாக எழுத்தர். வயது நாற்பத்தெட்டு, கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கண்ணாடி கழுத்துக் கயிற்றில் தொங்கும். பெயரைக் கேட்கும்போது கழற்றுவார், எழுதும்போது மாட்டுவார். ஞானஸ்நான விண்ணப்பத்தில் குழந்தையின் பெயருக்குக் கீழே, புனிதர் பெயருக்கென்று ஒரு கட்டம் உண்டு. அது காலியாக இருந்தால் பங்குத்தந்தை ஒன்றும் சொல்லமாட்டார். தெரசம்மாள் விடமாட்டார். “பேரைப் பிரிங்க, உள்ளார ஒருத்தர் உக்காந்திருப்பாரு” என்பது அவர் கட்சி. தமிழரசுவைப் பிரித்து அரசனை எடுத்தார். பிரான்சு மன்னர் புனித லூயிஸ் வந்து சேர்ந்தார். அறிவுக்குத் தாமஸ் அக்குவினாஸ். “சுகன்யாவுக்கு மட்டும் யோசிக்கவே இல்லீங்க. கன்னின்னு அதுலயே இருக்குது, மாதாவேதான்.”

நான் போனது என் அப்பாவின் ஞானஸ்நான நகலுக்காக. நான் குடியிருக்கும் நாட்டில் அப்பாவின் பெயர்தான் எனக்குக் குடும்பப் பெயர்: சின்னப்பன். பழைய பதிவேட்டிலோ லத்தீனில் ‘பவுலுஸ்’ என்றிருந்தது. இரண்டும் ஒரே ஆள் என்று அங்கே எந்த அதிகாரி நம்புவார்? வாய்விட்டே கேட்டேன். தெரசம்மாள் நிமிரவே இல்லை.

“பவுலுஸ்னா லத்தீன்ல சின்னவருங்க. அதான் நம்மாளுங்க சின்னப்பருன்னாங்க. பேதுரு ராயப்பரு, யோவான் அருளப்பரு. உங்கப்பா ஒரே ஆளுதான், பயப்படாதீங்க.”

அதையே நகலின் அடியில் ஆங்கிலத்தில் எழுதி முத்திரை குத்தினார். மேசை அதிர்ந்தது. என் பயத்தில் பாதி அந்தச் சத்தத்திலேயே போயிற்று.

பங்குத்தந்தை உள்ளறையில் தொலைபேசியில் இருந்தார். அவர் கையெழுத்துக்காகக் காத்திருந்தபோது தெரசம்மாளே பேச்சுக் கொடுத்தார். தம்பி ஜெர்ரிக்கு மகள் பிறந்து மூன்று மாதம் ஆகிறது. அம்மா போன பிறகு தம்பியை வளர்த்தது அவர்தான். குழந்தைக்குத் தெரசா என்று வைக்கப்போகிறார்கள்; இன்றைக்கு விண்ணப்பம் எழுத வருகிறார்கள். “எனக்குன்னு பேர் சொல்ல வேற யாருங்க இருக்கறா?” என்றார். சொல்லி முடிப்பதற்குள் வாசலில் கார் நின்றது.

ஜெர்ரி, குழந்தையோடு அவன் மனைவி கிருத்திகா, பின்னால் வெள்ளை வேட்டியில் கிருத்திகாவின் அப்பா சின்னண்ணன். மல்லசமுத்திரத்தில் காடு கரையோடு இருக்கும் குடும்பம். மகள் கிறிஸ்தவ வேதத்துக்கு மாறிக் கட்டினாள் என்று இரண்டு வருடம் பேசாமலிருந்தவர், முதன்முறையாக இந்தப் பக்கம் வந்திருந்தார்.

“பேரு தெரசான்னு எழுதிரட்டுமா?” தெரசம்மாள் பேனாவைத் திறந்தார்.

கிருத்திகா கணவனைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான்.

“அண்ணி, எங்கம்மா பேரு வெக்கலாமான்னு அப்பா கேக்கறாருங்க.”

அவள் அம்மா அந்த இரண்டு வருடத்துக்குள் இறந்துபோனவர். மகளின் முகத்தைப் பார்க்காமலே.

தெரசம்மாள் பேனாவை மூடினார். பிறகு, “பேரு என்னங்க மாமா?” என்றார்.

சின்னண்ணன் தொண்டையைச் செருமினார். “ஏ புள்ளைன்னே கூப்பிட்டுப் பழகிட்டனுங்க அம்மிணி. பேரைச் சொல்ல வாய் வரமாட்டேங்குது.” இன்னொரு முறை செருமிவிட்டு, “ஆத்தாயிங்க” என்றார்.

குழந்தை வீறிட்டது. “ஏஞ்சாமி, அழுவாத சாமி” என்று அவர் குனிய, உள்ளறைக் கதவைத் திறந்து பங்குத்தந்தை எட்டிப் பார்த்தார்.

“யாரு கூப்பிட்டது?”

“உங்களை இல்லீங்க சாமி. இந்தச் சாமியை” என்று குழந்தையைக் காட்டினார் தெரசம்மாள்.

விஷயத்தைக் கேட்டுவிட்டுப் பங்குத்தந்தை சிரித்தார். “ஆத்தாயியா! இதுல எந்தப் புனிதரு உக்காந்திருக்காரு தெரசம்மா?”

“அக்கா, புனிதர் யாரும் கெடைக்கலீன்னா தெரசான்னே வெச்சுக்கலாம்” என்றான் ஜெர்ரி அவசரமாக. சின்னண்ணன் தோளிலிருந்த துண்டை எடுத்து நான்காக மடித்தார், பிரித்தார், மறுபடி மடித்தார்.

புனிதர் இல்லை என்று அவர் ஒரு வார்த்தை சொன்னால் போதும், குழந்தை தெரசாதான். இந்த விஷயத்தில் தெரசம்மாளை எதிர்த்துப் பேசும் அளவுக்குத் தெரிந்தவர் அந்த அறையில் பங்குத்தந்தை உட்பட எவருமில்லை.

அவர் கண்ணாடியைக் கழற்றினார். உதடுகள் அசைந்தன.

“ஆத்தான்னா அம்மா” என்றார் மெதுவாக. “ஆயின்னாலும் அம்மாதான். அம்மாவுக்கு அம்மா.” நிறுத்தினார். “மாதாவுக்கு அம்மா யாரு? அன்னம்மா.” சின்னண்ணன் பக்கம் திரும்பினார். “யேசுவுக்கே அம்மாயிங்க மாமா. இதுக்கு மேல பெரிய பேரு எங்க பொஸ்தகத்துல இல்லீங்க.”

சின்னண்ணன் மடித்த துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். தெரசம்மாள் கண்ணாடியை மாட்டி இரண்டு கட்டங்களையும் நிரப்பினார். அடித்தல் திருத்தல் இல்லாத எழுத்து.

“ஞாயித்துக்கெழமை ஃபாதர் தண்ணி ஊத்தட்டும். காதுல பேர் சொல்றது அத்தை மொறை. குடு இங்க” என்று கை நீட்டினார்.

குழந்தையை வாங்கிக்கொண்டு சன்னல் பக்கம் போய், அதன் வலது காதருகே குனிந்தார். நான் இருந்த இடத்துக்குச் சத்தம் எட்டவில்லை. ‘ஆ’வுக்குத் திறப்பதுபோல அவர் வாய் அகலமாகத் திறந்து மூடியது மட்டும் தெரிந்தது, மூன்று முறை.