டார்ச் அக்காவின் பெயர்

அஸ்தினாபுரம், எங்கள் தெரு வாட்ஸ்அப் குழு. காலையிலிருந்து கைதட்டல் எமோஜி ஓயவில்லை. தெருவில் பலரைப் படுக்கவைத்த காய்ச்சல் எங்கிருந்து பரவியது என்பதைக் குடியிருப்போர் சங்கச் செயலாளர் கண்டுபிடித்துவிட்டாராம்.

கண்டுபிடித்தது அவரா?

வாராவாரம் வீடு வீடாக வந்து, தொட்டியிலும் டிரம்மிலும் டார்ச் அடித்துக் கொசுப்புழு தேடும் மாநகராட்சி அக்கா, போன மாதம் என் வாசலில் நின்று நோட்டைப் புரட்டினார்.

"காய்ச்சல் வந்த வூடெல்லாம் அந்தப் பாதி கட்டின பில்டிங் பின்னாடிதான் கீது மேடம். இந்தப் பக்கம் ஒருத்தருக்கும் இல்ல. அங்க லிஃப்ட்டுக்குத் தோண்டுன குழில தண்ணி நிக்குது. நான் சொன்னா யாரு கேக்குறா?"

இதைத்தான் நோய்ப்பரவலியல் என்று கல்லூரியில் பட்டம் கொடுத்துச் சொல்லித்தருகிறார்கள்.

செயலாளரிடம் நான்தான் போய்ச் சொன்னேன். குழியை இறைத்தார்கள். காய்ச்சல் அடங்கியது.

இன்று அக்கா வந்தபோது எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. குழுவில் எழுதியே தீர்வது என்று போனை எடுத்தேன். "உண்மையில் கண்டுபிடித்தவர்" என்று தட்டியதும் விரல் நின்றுவிட்டது. இரண்டு வருடமாகக் கேட்டைத் திறந்துவிடுகிறேன், பெயர் தெரியாது.

"அக்கா, உங்க பேரு என்ன?"

டார்ச்சை அணைத்துவிட்டார்.

"பேரு எதுக்கு மேடம்? எதுனா கம்ப்ளெயின்ட்டா?"

பதறிப்போய் விஷயத்தைச் சொன்னேன். சிரித்தார்.

"அத்தெல்லாம் வேணாம் மேடம். அப்பால அந்த சாரு எனக்குக் கேட்டே தொறக்க மாட்டாரு."

அந்த வரி இன்னும் பாதியில் நிற்கிறது. அனுப்பவும் முடியவில்லை, அழிக்கவும் மனமில்லை.

உங்கள் தெருவுக்கு டார்ச்சோடு வருபவரின் பெயர் உங்களில் யாருக்காவது தெரியுமா? செயலாளர் பெயரை நான் கேட்கவில்லை.