திரும்பக் கேட்கும் உரிமையோடு

தொண்ணூறுகளின் நடுவில், சாந்தோமில் எங்கள் வீட்டுக்குப் போகும் சந்தின் வாயில் முன்வீட்டுக்காரர் ஒரு சுவரை எழுப்பிவிட்டார். ஆள் ஒருக்களித்து நுழையும் இடைவெளிதான் மிஞ்சியது. மூட்டுவலிக்கார அம்மாவை சர்ச் பூசைக்கு அழைத்துப்போக வாசல்வரை வந்துகொண்டிருந்த ரிக்‌ஷா, தெருவிலேயே நின்றுவிட்டது. கோர்ட்டுக்குப் போனோம்.

எங்கள் வக்கீல் மந்தைவெளியில் ஒரு மாடி அறையில் அலுவலகம் வைத்திருந்த பெண். முப்பதைத் தாண்டியிருக்க மாட்டார். வழக்கு பாதியில் இருந்தபோது ஒரு மாலை மொபெட்டில் எங்கள் வீட்டுக்கே வந்தார்.

"ஆன்ட்டி, மனுவுல நான் தப்பு பண்ணிட்டேன். வழியை மறிக்கக் கூடாதுன்னு மட்டும் கேட்டிருக்கேன். அது உங்களுக்கு உரிமையான வழின்னு அறிவிக்கச் சொல்லிக் கேக்கல. கட்டின சுவரை இடிக்கச் சொல்லியும் கேக்கல. இப்படியே போனா தோத்துடுவோம்."

"இப்ப என்னம்மா பண்றது?" என்றார் அம்மா.

"வாபஸ் வாங்கிடலாம். ஆனா புதுசா வழக்குப் போட கோர்ட் அனுமதி குடுக்கணும். அது இல்லாம வாங்கினா அத்தோட முடிஞ்சது."

அண்ணனுக்குக் கோபம். "வேற வக்கீலைப் பாக்கலாம்மா" என்று அந்தப் பெண்ணின் முன்னாலேயே சொன்னார்.

"தப்பை வீடு தேடி வந்து சொல்றவங்களை விட்டுட்டு யார்கிட்டடா போறது?" என்று கேட்டுவிட்டு, அம்மா காபி போட எழுந்தார்.

பாரிமுனை கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் வயதானவர், பேர்பெற்றவர். "தாராளமா வாபஸ் வாங்கட்டும். ஆனா என் கட்சிக்காரரை மறுபடி கோர்ட்டுக்கு இழுக்க அனுமதி குடுக்கக் கூடாது" என்றார்.

"இவ்வளவு நாள் கழிச்சு ஏன்?" என்று நீதிபதி எங்கள் வக்கீலைக் கேட்டார்.

கட்சிக்காரர் விவரம் சரியாகச் சொல்லவில்லை என்று அவர் பழியை எங்கள்மேல் போட்டிருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது.

"மனுவை எழுதினது நான். குறை என்னோடது. அதனால அந்தம்மா தன் வழியை இழக்கக் கூடாது."

மேசையிலிருந்த கட்டுகளில் தலை கவிழ்ந்திருந்த வக்கீல்கள்கூட நிமிர்ந்து பார்த்தார்கள். பின் பெஞ்சில் நான் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

நீதிபதி மனுவை ஒருமுறை புரட்டிப் பார்த்தார். பிறகு, புதிதாக வழக்குத் தொடரும் உரிமையுடன் வாபஸ் பெற அனுமதி என்று சுருக்கெழுத்தரிடம் உத்தரவைச் சொல்லிக்கொண்டே போனார். எங்கள் வக்கீல் உட்காரவில்லை. அந்த வரியை ஒருமுறை திரும்பப் படிக்கச் சொல்லிப் பணிவாகக் கேட்டு, காதால் கேட்ட பிறகுதான் உட்கார்ந்தார்.

வெளியே வந்ததும், "பயந்துட்டேன் ஆன்ட்டி" என்று சிரித்தார்.

புது மனுவில் எல்லாம் கேட்டிருந்தார். அதைப் படித்த எதிர்த்தரப்பு வக்கீலே தன் கட்சிக்காரரைச் சமாதானத்துக்குச் சம்மதிக்கவைத்தார். மழைக்காலம் தொடங்குமுன் முன்வீட்டுக்காரர் ஆள்வைத்துச் சுவரை இடித்தார்.

பின்னாளில் அடையாறில் அண்ணன் வாங்கிய ஃபிளாட்டின் பத்திரத்தில் ஒரு சிக்கல் வந்தது. யாரிடமும் யோசனை கேட்காமல் நேரே மந்தைவெளிக்குப் போய், அந்த மாடிப்படியேறினார்.