உப்புப் பூத்த முதுகு

காலை ஆறரைக்கு ராயபுரத்தில் ரயில் ஏறினேன். எண்ணூர் ஒன்பது மைல், மூன்றாம் வகுப்புக்கு இரண்டு அணா. பன்னிரண்டு வருஷமாகியும் அந்த ஞாயிற்றுக்கிழமையை நினைத்தால் மனசு அங்கேயே போய் உட்கார்ந்துகொள்கிறது.

எனக்கு மார்பிலும் முதுகிலும் வெள்ளைத் திட்டுகள். ஊரார் அதற்கு வைத்த பெயர் வெண்குஷ்டம். குமாஸ்தா உத்தியோகம் ஒரு சௌகரியம், எல்லாம் கோட்டுக்குள் மறைந்துவிடும். ஆனால் அடுத்த மாதம் கல்யாணம். நலங்குக்கு வெற்றுடம்போடு உட்கார வேண்டும். திருவொற்றியூரிலிருந்த பெண் வீட்டாருக்கோ விஷயம் தெரியாது. அப்போதுதான் ஒரு பத்திரிகையில் படித்தேன். ஜெர்மனியில் ஆணும் பெண்ணுமாகக் கூடி, உடுப்பெல்லாம் களைந்து வெயில் காய்கிறார்களாம். உடம்பை நினைத்து வெட்கப்படுவதே தப்பு என்கிறார்களாம். வெட்கம் போகிறதோ இல்லையோ, வெயிலில் திட்டுகள் கறுத்தால் போதும் என்று கிளம்பிவிட்டேன்.

ஏழே காலுக்கு எண்ணூர். மணலில் நடந்து முகத்துவாரம் போய், சவுக்கு மரங்களின் மறைவில் ஒவ்வொன்றாகக் கழற்றினேன். கோவணத்தோடு நிறுத்திக்கொண்டேன்; ஜெர்மானியர் அளவுக்குத் துணிச்சல் வரவில்லை. கடலில் ஒரு முழுக்குப் போட்டுவிட்டு மணலில் குப்புறப் படுத்தேன்.

எட்டரை மணிக்கு ஒரு கட்டுமரம் கரையேறியது.

“நைனா, ஒரு கை புடி,” என்றார் மரத்துக்காரர். நாற்பது வயதிருக்கும். அவரும் கோவணத்தோடுதான் இருந்தார். ஓடிப்போய் இழுத்தேன். மரம் மேலே வந்ததும் என் முதுகைப் பார்த்தார்.

“இன்னா நைனா, கடல்ல முழுகிட்டு நல்ல தண்ணி ஊத்திக்கலியா? முதுகெல்லாம் உப்புப் பூத்துகீது.”

தம் குடத்துத் தண்ணீரை ஊற்றி, உள்ளங்கையால் அழுத்தித் தேய்த்தார். திட்டுகள் வந்ததிலிருந்து அந்த இருபத்தாறு வயது வரை என் முதுகை வேறொருவர் தொட்டதில்லை.

“போவ மாட்டேங்குதே,” என்றார்.

“உப்பில்லை. வெண்குஷ்டம்.” அந்தச் சொல்லை நான் வாய்விட்டுச் சொன்னது அதுவே முதல் தடவை.

“அட, அப்டியா. நான் உப்புன்னுல்ல நெனச்சேன்.” கையைத் துடைத்துக்கொள்ளக்கூட இல்லை. “சரி, அந்தப் பக்கம் புடி. வலைய ஒதறணும்.”

அவர் முதுகிலும் உப்புக் காய்ந்து வரிவரியாக வெளுத்திருந்தது. பத்து மணி வரை சேர்ந்து வலை உதறினோம். கூடையோடு வந்த பெண்கள் மீனைப் பார்த்தார்கள், பேரம் பேசினார்கள், போனார்கள். அன்று எனக்கு இருந்த சந்தோஷத்தை இப்போதும் சரியாகச் சொல்லத் தெரியவில்லை.

திரும்பும்போது ராயபுரத்துக்கு டிக்கெட் இருந்தும் திருவொற்றியூரிலேயே இறங்கினேன். பெண்ணின் தகப்பனாரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். மோர் கொடுத்தார். குடித்து முடிக்கும்வரை காத்திருந்து கைகூப்பினார்.

“பெண் பார்க்க வரும்போதே சொல்லியிருக்கலாமே, தம்பி. மன்னிச்சுக்கோங்க.”

ஸ்டேஷன் வரை அழுதுகொண்டேதான் நடந்தேன். பகல் இரண்டு மணி வண்டி, பெட்டி கொதித்தது. கோட்டைக் கழற்றினேன், பிறகு சட்டையையும் கழற்றி மடியில் வைத்துக்கொண்டேன். எதிரே இருந்தவர் உற்றுப் பார்த்துவிட்டுச் சற்று நகர்ந்தார். அவருக்கு இடம் தாராளமாகக் கிடைக்கட்டும் என்று நானும் ஜன்னலோரம் நகர்ந்து உட்கார்ந்தேன். கடல் காற்று நன்றாக வந்தது.