ஆறு மாதத்துக்கு ஒரு நாள் குறைவு

என் அக்காவுக்கு மட்டும் வாய் இல்லையென்றால் என்றைக்கோ நாய் தூக்கிக்கொண்டு போயிருக்கும். அத்தான் செத்தபிறகு, உப்பங்கழியோரத்துப் படகுப் பட்டறையையும் இரண்டு பெண்களையும் அந்த வாயை வைத்துத்தான் காப்பாற்றினாள். "வித்துட்டு வீட்டோட இரு" என்று சொன்ன சொந்தக்காரர்கள் எல்லோரும் அவளிடம் வாங்கிக் கட்டிக்கொண்டார்கள். நானும்தான். ஐம்பத்தெட்டு வயதிலும் தாரும் கையுமாகப் படகுக்கு அடியில் கிடக்கிறாள்.

பட்டறைக்குப் பெரிய படகு வர வேண்டுமென்றால், கடல்நீர் ஏறும் நேரத்தில் தூக்குப்பாலத்தைத் திறக்க வேண்டும். திறப்பவன் நான். பாலத்துக்கு என்னைவிட வயது அதிகம், முனகலும் அதிகம். திறந்தால் இருபது நிமிஷம் சாலை நிற்கும். அதனால் மேலிடம் படகுகளை மணிக்கணக்கில் காக்கவைத்தது. பிறகு எந்தப் படகுக்காரன் வருவான்? ஆறு மாதம் ஒரு படகுக்காகவும் திறக்காமலே இருந்தால், பாலத்தை வெல்டிங் அடித்து நிரந்தரமாக மூடிவிடலாம் என்று விதி. பாலத்தை மூடினால் பட்டறைக்கும் பூட்டுதான்.

ஆறு மாதத்துக்கு ஒரு நாள் இருக்கும்போது இன்ஜினியர் வந்து இறங்கினார், கூடவே வெல்டிங் ஆட்கள்.

"நாளன்னைக்குக் காலையில ஆரம்பிச்சிடலாம்" என்றார்.

அப்போது கீழே ஹாரன் மூன்று முறை அலறியது. மூன்று முறை அடித்தால், காக்கவைத்தாவது திறந்தாக வேண்டும்.

எட்டிப் பார்த்தேன். இரண்டு பேர் உட்கார்ந்தாலே ஆடுகிற துடுப்புப் படகு. அதில் மூன்று மாடி உயரத்துக்கு ஒரு பாய்மரம், கவிழாமலிருக்க அடியில் மணல்மூட்டைகள், நடுவில் என் அக்கா. அடிப்பாவி!

"அந்தக் கம்பத்தைச் சாய்ச்சா அடியிலேயே போயிடலாமேம்மா!" என்று கத்தினார் இன்ஜினியர்.

"கம்பம் இல்ல சார், பாய்மரம். சாய்க்க மாட்டேன்."

"வேணும்னே பண்றீங்க!"

"ஆமா, வேணும்னேதான் பண்றேன். கூடாதுன்னு எந்த விதியில இருக்கு? காட்டுங்க பாப்போம்."

இன்ஜினியர் என் பக்கம் திரும்பிக் குரலைத் தணித்தார். "மோட்டார் ரிப்பேர்னு சொல்லிடுப்பா."

"நல்லாத்தான் இருக்கு சார்" என்று சொல்லிவிட்டு நெம்புகோலை இழுத்தேன். வேலை போனால் போகட்டும், மயிரே போச்சு.

பாலம் முனகிக்கொண்டே எழுந்தது. அக்கா அவசரமே படாமல் துடுப்புப் போட்டுக் கடல்பக்கம் போனாள். இனி இன்னும் ஆறு மாதத்துக்கு எவனும் பாலத்தைத் தொட முடியாது. இறக்கினேன். நின்றிருந்த வண்டிகள் எல்லாம் திட்டிக்கொண்டே நகர ஆரம்பித்தன.

மறுபடியும் ஹாரன். மூன்று முறை.

இன்ஜினியர் கைப்பிடிச் சுவருக்கு ஓடினார். "இப்ப என்னம்மா வேணும் உங்களுக்கு?"

"என்ன சார் கேள்வி இது? வீட்டுக்குப் போக வேணாமா நான்?"